கடைசியில் உடனிருந்தவர்

பதினொரு பேரைக் கொன்றிருக்கிறாள் என்கிற செய்தி பஞ்சுவுக்கு வந்து சேர்ந்தபோது, அவள் ஒன்பதாம் படுக்கைக்காரருக்குக் கால் நகம் வெட்டிக்கொண்டிருந்தாள்.

செய்தியை எடுத்து வந்தவர் இயக்குநர் அலுவலகத்து எழுத்தர். உறையை நீட்டி, "சிஸ்டர், வாங்கிக்கிட்டதுக்கு ஒரு கையெழுத்து" என்றார். பஞ்சு கையைத் துடைத்துக்கொண்டு பிரித்துப் படித்தாள். மறுபடியும் படித்தாள்.

"பதினொண்ணா?"

"பதினொண்ணுதான் சிஸ்டர். நானேதான் டைப் அடிச்சேன்."

"சரி. இந்தக் கட்டை விரலை மட்டும் முடிச்சுட்டு வந்துடறேன்."

எழுத்தர் ஓரடி பின்னால் போனார். ஒன்பதாம் படுக்கைக்காரர் காலைப் போர்வைக்குள் இழுத்துக்கொண்டார்.

அந்த நேரத்தில் உன் மனதில் என்னதான் ஓடியது என்று பிறகு பலரும் அவளைக் கேட்டார்கள். நகவெட்டியை ஸ்பிரிட் போட்டுத் துடைக்க வேண்டும் என்று ஓடியது. அதைத் துடைத்து, டிராயரில் போட்டு, டிராயரைச் சாத்திவிட்டுத்தான் அவள் கொலைகாரியாக வார்டை விட்டு வெளியே வந்தாள்.

பஞ்சு என்பது அவள் பெயரல்ல. பத்தொன்பது வருடங்களுக்கு முன்னால் ஒரு நோயாளி, "ஊசி போட்டீங்களா, பஞ்சு வச்சீங்களா?" என்று கேட்கப்போய், அது ஒட்டிக்கொண்டது. சம்பளச் சீட்டில் மட்டும் வேறு பெயர் இருந்தது. அந்தப் பெயரைச் சொல்லி யாராவது கூப்பிட்டால் அவளே திரும்பிப் பார்க்கமாட்டாள்.

அவள் வேலை பார்த்த வார்டு, மற்ற வார்டுகள் கையை விரித்தவர்களை அனுப்பிவைக்கும் வார்டு. அங்கே வந்தவர்கள் வீடு திரும்புவது அபூர்வம். பல்லாண்டுகளாக அது அப்படித்தான் நடந்துகொண்டிருந்தது. அந்த ஆண்டு, ஆண்டறிக்கைக்காக வரைபடங்கள் தயாரித்தபோதுதான் புது இயக்குநரின் கண்ணில் ஒரு விஷயம் பட்டது: கண், காது, மூக்கு வார்டைவிட இந்த வார்டில் நிறையப் பேர் சாகிறார்கள். இதற்குப் பின்னால் யாரோ இருக்க வேண்டும் என்று அவர் நினைத்தார். தேடியதில் கிடைத்தது பஞ்சு.

கிடைத்ததற்குக் காரணம் படிவம் பதினேழு.

ஒருவர் இறந்தால் வார்டில் நிரப்ப வேண்டிய படிவம் அது. எட்டுப் பக்கம். இறந்தவரின் உயரம், எடை, கட்டிலின் எண், மெத்தையின் எண், கடைசியாகக் கட்டில் விரிப்பு மாற்றிய தேதி என்று கேட்டுக்கொண்டே போகும். அதை நிரப்புவதை வார்டுப் பேச்சில் 'முடிப்பது' என்பார்கள். "நாலை முடிச்சாச்சா?" என்றால் நாலாம் படுக்கைக்காரரின் படிவத்தை நிரப்பியாகிவிட்டதா என்று பொருள். மற்ற ஷிப்ட்காரர்கள் அந்த எட்டுப் பக்கத்தைத் தொடமாட்டார்கள். "ஏழு மணிக்குப் பஞ்சு வந்துடுவா, அவ முடிச்சுக்குவா" என்று வைத்துவிட்டுப் போவார்கள். மருத்துவமனைப் பதிவேடுகளின்படி அந்த வார்டில் எல்லாரும் காலை ஏழேகாலுக்கு மேல்தான் இறந்தார்கள்.

படிவத்தின் பதினான்காம் கட்டம்: 'கடைசியில் உடனிருந்தவர்.'

வேலைக்குச் சேர்ந்த வருடம், பஞ்சு அந்தக் கட்டத்தில் ஒருமுறை உள்ளதை உள்ளபடி எழுதினாள். 'எவரும் இல்லை.' படிவம் திரும்பி வந்தது: 'ஏன் இல்லை? விளக்கம் தருக.' விளக்கம் போனது. 'விளக்கத்துக்கு விளக்கம் தருக' என்று வந்தது. இரண்டு நாள் அந்த மனிதர் கீழே குளிர் அறையில் கிடந்தார். இரண்டு நாளும் அவருடைய மனைவி வராந்தா பெஞ்சில் ஒரு துணிப் பையோடு உட்கார்ந்திருந்தார். கடைசியில் நகல் கைக்கு வந்ததும் அந்தம்மா எட்டுப் பக்கத்தையும் விட்டுவிட்டு அந்த ஒரு கட்டத்தை மட்டும் விரலால் தொட்டுப் படித்தார்.

"ஒருத்தர்கூடவா இல்ல?"

அதற்கு விளக்கம் எழுதப் பஞ்சுவுக்குத் தெரியவில்லை. அடுத்த படிவத்திலிருந்து அந்தக் கட்டத்தில் தன் பெயரையே எழுதத் தொடங்கினாள். உண்மையிலேயே கூட இருந்த நாட்களும் உண்டு. பாதி நாட்கள், அவள் பஸ்ஸில் வந்துகொண்டிருக்கும்போதே ஆள் போயிருப்பார். வந்து, உடம்பைத் துடைத்து, தலைவாரி, கண்ணை மூடிவிட்டு, பெயரை எழுதுவாள். படிவங்கள் அதன் பிறகு ஒருமுறைகூடத் திரும்பி வரவில்லை.

இப்போது மொத்தமாகத் திரும்பி வந்துவிட்டன.

விசாரணைக் குழு உடற்பயிற்சி சிகிச்சை அறையில் கூடியது. வேறு அறை கிடைக்கவில்லை. தலைவர் ஓய்வுபெற்ற பெரிய அதிகாரி. அதுவரை நாற்பத்திரண்டு குழுக்களுக்குத் தலைமை தாங்கியவர். அவருக்குப் பின்னால் சுவரோடு சுவராக ஓடாத சைக்கிள் ஒன்று நின்றது. பஞ்சு தன் உதவிக்கு ஒருவரை அழைத்து வரலாம், ஆனால் அவர் பேசக்கூடாது என்பது விதி. அவள் கணவரை அழைத்து வந்திருந்தாள். அவர் டிரைவிங் ஸ்கூலில் கற்றுத்தருபவர். ஆபத்து வருகிறது என்று தோன்றினால் அவருடைய வலது கால் தானாகத் தரையை அழுத்தும். முதல் நாள் காலையிலேயே அது நான்கு முறை அழுத்திவிட்டது.

முதலில் புள்ளிவிவர நிபுணர் எழுந்தார். சுவரில் ஒரு பெரிய தாளை ஒட்டினார். மேலே வரிசையாக மரணங்கள், பக்கவாட்டில் ஊழியர்கள், நடுவில் சிவப்புப் பெருக்கல் குறிகள். பஞ்சுவின் வரிசை முழுக்கச் சிவப்பு.

"பதினொரு மரணம். பதினொன்றிலும் இவர் இருந்திருக்கிறார். இது தற்செயலாக நடக்க வாய்ப்பு, கோடியில் ஒன்று."

தலைவர் தலையசைத்தார். "சென்ற ஆண்டு அந்த வார்டில் மொத்தம் எத்தனை பேர் இறந்தார்கள்?"

"இருபத்தைந்து."

"மீதிப் பதினான்கு?"

"அவை இயற்கை மரணங்கள்."

"எப்படி உறுதிப்படுத்தினீர்கள்?"

"அப்போது இவர் இல்லை."

அந்தப் பதினான்கும் நடந்தது, பஞ்சு கை முறிந்து இரண்டு மாதம் வீட்டில் இருந்த காலத்தில். கணவர் அவளுக்குக் கார் ஓட்டச் சொல்லிக் கொடுத்ததன் விளைவு அது. இரண்டு மாதத்தில் பதினான்கு, பத்து மாதத்தில் பதினொன்று என்றால் கணக்கு எந்தப் பக்கம் சாய்கிறது என்று கணவருக்கு வாய்வரை வந்துவிட்டது. பேசக்கூடாது. காலை அழுத்தினார்.

அடுத்து, வார்டின் ஒப்படைப்பு நோட்டு. ஒரு ஷிப்ட் அடுத்த ஷிப்ட்டுக்கு எழுதிவைக்கும் நோட்டு அது. தலைவர் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு பஞ்சுவின் கையெழுத்தை உரக்கப் படித்தார்.

"'நாலை முடித்தேன். ஏழையும் முடித்துவிட்டேன். டீ குடித்துவிட்டு வந்து ஒன்பதை முடிக்க வேண்டும்.'"

'டீ குடித்துவிட்டு' என்பதன் கீழ் ஓர் உறுப்பினர் கோடு போட்டுக்கொண்டார்.

"சார், முடிக்கிறதுன்னா எங்க வார்டுல..." என்று பஞ்சு தொடங்கினாள்.

"உங்கள் வார்டில் என்ன பொருள் என்பதை நீங்கள் சொன்னால் அது ஒருதலைப்பட்சம். அதற்கென்று ஆள் வைத்திருக்கிறோம்."

அகராதி வல்லுநர் ஒருவரை வரவழைத்திருந்தார்கள். முடித்தல் என்ற சொல்லுக்குப் பதினாறு பொருள் கண்டுபிடித்து, பதினாறையும் பட்டியலிட்டிருந்தார். நிறைவு செய்தல். கூந்தலை முடிதல். முந்தானையில் முடிந்துவைத்தல். திருமணம் செய்வித்தல். வழக்கில் தீர்வு காணுதல். பன்னிரண்டாவதாக, ஆளைத் தீர்த்துக்கட்டுதல்.

"இவர் நாலாம் படுக்கைக்காரருக்குத் திருமணம் முடித்துவைத்ததாக ஏதாவது பதிவு உண்டா?" என்று கேட்டார் தலைவர்.

"இல்லை."

"கூந்தல்?"

"நாலாம் படுக்கைக்காரர் வழுக்கை, ஐயா."

"ஒன்றொன்றாக நீக்கிக்கொண்டே வாருங்கள்."

வல்லுநர் நீக்கிக்கொண்டே வந்தார். பொருளை நிறுவுவதற்கு இதைவிட நேர்மையான முறை தனக்குத் தெரியாது என்றும் சொன்னார். பகல் பன்னிரண்டரைக்குப் பன்னிரண்டாவது பொருள் மட்டும் மிஞ்சியது.

"ஒன்பதாம் படுக்கைக்காரர் உசுரோட இருக்கார் சார்" என்றாள் பஞ்சு. "அவருக்கு முடிக்க வேண்டியிருந்தது நகம்."

தலைவர் சற்று யோசித்தார். பிறகு எழுத்தரிடம், "அதைக் கொலை முயற்சி என்று போட்டுக்கொள்ளுங்கள்" என்றார்.

இரண்டாம் வாரம் சாட்சிகள். முதலில் வந்தவர் ஒரு தையல்காரர். அவருடைய அப்பாவும் தையல்காரர்தான். பதினொரு பேரில் ஆறாவது. மகன் கழுத்தில் அளவு நாடா தொங்கியபடியே வந்துவிட்டார்.

"உங்கள் தந்தை மருத்துவமனையில் சேரும்போது எப்படி இருந்தார்?"

"சாகக் கிடந்தாருங்க."

"அதாவது, உயிருடன்தான் இருந்தார்."

"இருந்தாரு. ஆனா டாக்டரே நாலு நாள்தான்னு..."

"எத்தனை நாள் இருந்தார்?"

"ஒன்பது நாளுங்க."

"நான்கு நாளில் போக வேண்டியவரை ஒன்பது நாள் வைத்திருந்திருக்கிறார்கள். ஏன் என்று நீங்கள் யோசிக்கவில்லையா?"

தையல்காரர் யோசித்துப் பார்த்தார். பிறகு சட்டைப் பையிலிருந்து நான்காய் மடித்த தாள் ஒன்றை எடுத்தார்.

"ஐயா, எனக்கு அதெல்லாம் தெரியாது. அன்னிக்கு நான் ஊர்ல இல்ல. ஒரு கல்யாண ஆர்டரு, துணி வாங்கப் போயிருந்தேன். திரும்பி வரதுக்குள்ள அப்பா போயிட்டாரு. மூணு நாள் சோறு இறங்கல. அப்புறம் இந்த நகல் வந்துது. இதுல போட்டிருக்கு பாருங்க, கடைசியில உடனிருந்தவர்னு. சிஸ்டர் பேரு. இதை மெஷினுக்கு மேல கண்ணுல படற மாதிரி ஒட்டி வச்சிருந்தேன். இதுக்குன்னுதான் பிச்சு எடுத்துட்டு வந்தேன்." தாளின் நான்கு மூலையிலும் சுவர்ச் சுண்ணாம்பு ஒட்டிக்கொண்டிருந்தது.

"மிக்க நன்றி" என்றார் தலைவர். "உங்கள் துயரம் எங்களுக்குப் புரிகிறது. குற்றவாளி சம்பவ இடத்தில் இருந்ததைப் பாதிக்கப்பட்ட குடும்பமே உறுதி செய்கிறது."

பிறகு பஞ்சுவிடம் திரும்பினார்.

"கேள்வி எளிமையானது. இவருடைய தந்தையின் கடைசி நேரத்தில் நீங்கள் அங்கே இருந்தீர்களா, இல்லையா? ஒரே சொல்லில் பதில் வேண்டும்."

அந்த நாள் பஞ்சுவுக்கு நன்றாக நினைவிருந்தது. அவள் ஏழு மணிக்கு உள்ளே போனபோது அந்தப் பெரியவர் சில்லிட்டிருந்தார். ஒன்றரை மணி நேரமாவது ஆகியிருக்கும். முகம் கதவைப் பார்த்துத் திரும்பியிருந்தது. கணவருக்கும் இது தெரியும்; அன்றைக்கே சொல்லியிருந்தாள். அவருடைய கால் தரையை அழுத்தோ அழுத்தென்று அழுத்தியது. 'இல்லை' என்று சொல்லிவிட்டால் சுவரில் இருக்கும் ஒரு சிவப்புக் குறி போய்விடும். ஒன்று போனால் எல்லாமே ஆட்டம் காணும்.

தையல்காரர் தாளைக் கையில் வைத்துக்கொண்டு அவளையே பார்த்தார்.

பஞ்சு வாயைத் திறக்கவில்லை. எழுத்தர் பதிவு செய்தார்: 'மௌனம். ஒப்புக்கொண்டார்.'

அன்று மாலை வீட்டில் கணவர் சட்டையைக்கூடக் கழற்றவில்லை.

"இல்லன்னு ஒரு வார்த்தை. மூணே எழுத்து. அதைச் சொல்ல வாய் வலிக்குதா உனக்கு?"

"அவரு நின்னுட்டிருந்தாரு."

"நின்னா? பதினோரு கொலைடி! ஆயுள் தண்டனையை வாங்கிட்டு வந்து, அவரு நின்னுட்டிருந்தாருன்னு சொல்லப்போறியா?"

மகள் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்கினாள். பதினான்கு வயது. "ஸ்கூல்ல என் தண்ணி பாட்டிலை யாரும் தொடறதில்லம்மா. முன்னாடியெல்லாம் பிடுங்கிக் குடிப்பாங்க. இப்ப எனக்கே எனக்கு" என்றாள். பிறகு, "பதினோரு பேர்ல எத்தனை பேர் கூட நீ நிஜமா இருந்தே?" என்று கேட்டாள்.

"மூணு பேர்."

"மிச்ச எட்டுப் பேர் கூட?"

பஞ்சு துவைத்த துணியை மடித்துக்கொண்டிருந்தாள். ஒரே துண்டைப் பிரித்து மறுபடியும் மடித்தாள்.

"எட்டு வீட்டுலயும் அந்தத் தாளு இருக்கு" என்றாள்.

மூன்றாம் வாரத் தொடக்கத்தில் இயக்குநரே வந்து குழுவின் முன் உரையாற்றினார்.

"மேன்மைமிகு தலைவர் அவர்களே, சம்பந்தப்பட்ட செவிலியரை வார்டிலிருந்து விலக்கிய நாளிலிருந்து இன்றுவரை அங்கே நிகழ்ந்த மரணங்களின் எண்ணிக்கை, பூஜ்யம். நான் மறுபடியும் சொல்கிறேன், பூஜ்யம். இந்த மருத்துவமனையின் வரலாற்றில் இப்படி ஒரு சாதனை நிகழ்ந்ததில்லை. இதற்குமேல் எனக்கு ஆதாரம் தேவையில்லை. உண்மையில் இதற்கு முன்பும் தேவைப்படவில்லை."

கைதட்டல். தலைவர் நெகிழ்ந்துபோனார். "தனிப்பட்ட முறையில் ஒன்று சொல்கிறேன். என் சொந்தத் தாயாரையே நேற்று அந்த வார்டில்தான் சேர்த்திருக்கிறேன். இன்றைய தேதியில் இதைவிடப் பாதுகாப்பான இடம் இல்லை."

தேநீர் இடைவேளையில், பஞ்சுவோடு வேலை பார்த்த சின்ன சிஸ்டர் வராந்தாவில் அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். உட்கார்ந்ததை யாராவது பார்க்கிறார்களா என்று இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டாள்.

"பூஜ்யமாமே?" என்றாள் பஞ்சு.

"ஆமாக்கா. படிவத்தை யாரும் கையால தொடறதில்ல. பதினாலாம் கட்டத்துல யாரு பேரு விழுதோ அவளுக்கு அடுத்த கமிட்டி. எங்களுக்கென்ன பைத்தியமா?"

"அப்ப நாலாம் நம்பர்?"

"நிலைமை சீரா இருக்குன்னு எழுதறோம்."

"எத்தனை நாளா?"

"அஞ்சு நாளா. ரொம்பச் சீரா இருக்காருக்கா. கீழ குளிர் ரூம்ல இப்ப ஆறு பேர் சீரா இருக்காங்க. வீட்டுக்காரங்க வந்து கேட்டா, பார்க்க அனுமதி இல்லைங்கறோம்."

"கடைசி நேரத்துல பக்கத்துல யாரு நிக்கிறீங்க?"

"யாரும் நிக்கக் கூடாதுக்கா. புது விதி வந்திருக்கு. மூச்சு மாறுச்சுன்னா மணி அடிக்கணும். விலகல் மணி. அடிச்சதும் எல்லாரும் வராந்தாவுக்கு வந்து, கையைத் தெரியற மாதிரி வச்சுக்கிட்டு நிக்கணும். மறுபடி மணி அடிக்கிற வரைக்கும் உள்ள போகக் கூடாது." சின்ன சிஸ்டர் டீயை ஊதினாள். "மணிச் சத்தம் கேட்டதும் பேஷண்டுக்கும் விஷயம் புரிஞ்சுடுதுக்கா. நேத்து ஒரு ஆளு, எனக்குத்தானான்னு கேட்டாரு."

"நீ என்ன சொன்ன?"

"பதில் சொல்றதுக்குள்ள வெளிய வந்துட்டேன். விதி."

மறுநாள் பகல் பன்னிரண்டு மணி வாக்கில், தலைவர் பஞ்சுவை ஏழாவது முறையாக அதே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தார். இருந்தீர்களா, இல்லையா, ஒரே சொல். அவள் ஏழாவது முறையாகச் சும்மா இருந்தாள். அப்போது மாடியிலிருந்து மணிச் சத்தம் கேட்டது. தலைவர் பேச்சை நிறுத்தி ஒரு விரலை உயர்த்தினார்.

"கேட்டீர்களா? அதுதான் நாம் ஏற்படுத்திய பாதுகாப்பு" என்றார். மணி ஓயும்வரை மரியாதையாகக் காத்திருந்துவிட்டு, "சரி. ஒரே சொல்லில் சொல்லுங்கள்" என்று தொடர்ந்தார்.

அதற்கு அடுத்த நாள் குழு கூடவில்லை. தகவல் வராததால் பஞ்சு வழக்கம்போல் பத்து மணிக்கு வந்து தன் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். கணவர் பக்கத்தில் இருந்தார். பதினொன்றரைக்குத் தலைவர் தனியாக உள்ளே வந்தார். சட்டைப் பொத்தான் ஒன்று மாறிப் போட்டிருந்தது. கையில் படிவம் பதினேழு.

எதிர் நாற்காலியில் உட்காராமல், அந்த ஓடாத சைக்கிளின் மேல் கையை ஊன்றிக்கொண்டு நின்றார்.

"அம்மா சீரா இருக்காங்கன்னு சொல்றாங்க" என்றார். அவர் வாயிலிருந்து எழுத்து நடை இல்லாமல் ஒரு வாக்கியம் வந்தது அதுவே முதல் முறை.

"எப்பலேர்ந்து சார்?"

"நேத்து மத்தியானத்துலேர்ந்து."

பஞ்சு அவர் கையிலிருந்த படிவத்தைப் பார்த்தாள்.

"படிவம் இல்லாம குடுக்க மாட்டேங்கறாங்க. யாரைக் கேட்டாலும் எழுத மாட்டேங்கறாங்க. இயக்குநர், எண்ணிக்கை கெட்டுடும்னு சொல்றாரு. இதை நீங்க..." என்று நிறுத்தினார். "நீங்கதான் முடிச்சுக் குடுக்கணும்."

"நான் எழுதினா பன்னிரண்டு ஆயிடுமே சார்."

"அதைத் தனியாக ஓர் இணைப்பில் வைத்துக்கொள்ளலாம்" என்றார் தலைவர். நாற்பத்திரண்டு குழுக்களின் பழக்கம், வாய் தானாகப் பேசிவிட்டது.

பஞ்சு படிவத்தை வாங்கினாள். உயரம் கேட்டாள், அவருக்குத் தெரியவில்லை. எடை தெரியவில்லை. "அம்மாவுக்குக் காது கேட்குமா?" என்று கேட்டாள். அது படிவத்தில் இல்லாத கேள்வி.

"நல்லா கேட்கும்."

அவள் எழுதிக்கொண்டே போனாள். ஐந்தாம் பக்கத்தில் பேனா நின்றது.

"பதினாலாம் கட்டம் சார். யாரு பேரு போடட்டும்?"

"உங்க பேரு."

"நேத்து மத்தியானம் நான் இந்த நாற்காலியிலதான் உட்கார்ந்திருந்தேன் சார். எதிர்ல நீங்க இருந்தீங்க. மணி அடிச்சுது."

தலைவர் சைக்கிளின் மிதியைக் கையால் ஒரு சுற்றுச் சுற்றினார். அது கிறீச்சென்று சுற்றி நின்றது.

"தெரியும்" என்றார். "இருந்தாலும் போடுங்க. காலியா விடாதீங்க."

பஞ்சு எழுதி, படிவத்தைத் திருப்பிக் கொடுத்தாள். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தார். பதினான்காம் கட்டத்தில், 'மகன்' என்று இருந்தது.

வெகுநேரம் படித்தார். பிறகு அதை மடிக்காமல், இரண்டு கையிலும் பிடித்துக்கொண்டு வெளியே போனார்.

அந்த ஒற்றைச் சொல்லால் நிர்வாகத்துக்கு ஏற்பட்ட நெருக்கடியை இங்கே சொல்லியாக வேண்டும். மூன்று வாரத்தில் வார்டில் பதிவான ஒரே மரணம் அது. எழுத்தர் நியாயமான மனிதர். படிவத்தில் இருந்ததை அப்படியே புள்ளிவிவர நிபுணருக்கு அனுப்பிவிட்டார். நிபுணரும் நியாயமானவர். சுவர்த் தாளில் 'மகன்' என்று புதிதாக ஒரு வரிசை சேர்த்து, ஒரே ஒரு சிவப்புக் குறி போட்டு, கணக்குப் பார்த்தார். மொத்த மரணம் ஒன்று, உடனிருந்தது ஒன்று. நூற்றுக்கு நூறு. பஞ்சுவுக்கே நாற்பத்து நான்குதான் வந்தது.

அவசரக் கூட்டம் கூடியது. தலைவர் கலந்துகொள்ளவில்லை. இயக்குநர் எழுந்து, "ஒரு மகன் தன் தாயின் அருகில் இருப்பதைக் குற்றமென்று சொன்னால், நாளை நம்மில் யார்தான் தப்ப முடியும்?" என்று உருக்கமாகக் கேட்டார். இருபது நிமிடத்தில் தீர்மானம் நிறைவேறியது. படிவம் பதினேழின் பதினான்காம் கட்டம் நீக்கப்படுகிறது. நீக்கம் முன்தேதியிட்டு, பத்தொன்பது ஆண்டுகளுக்கு முன்பிருந்தே அமலுக்கு வருகிறது.

கட்டம் போனதும் அதில் இருந்த பெயர்களும் போயின. பெயர்கள் போனதும் சிவப்புக் குறிகள் போயின. பதினொரு கொலையும் ஒரு முயற்சியும் நிர்வாகக் காரணங்களால் கைவிடப்பட்டன. பஞ்சு திங்கட்கிழமையிலிருந்து வேலைக்கு வரலாம். உறையைக் கொண்டுவந்த அதே எழுத்தர், "வாங்கிக்கிட்டதுக்கு ஒரு கையெழுத்து சிஸ்டர்" என்றார். பஞ்சு போட்டாள். பதினொன்று என்று படித்தபோது எப்படி இருந்ததோ அப்படியேதான் இப்போதும் இருந்தது.

"இவ்வளவுதானா?" என்று கேட்டாள்.

"அவ்வளவுதான். ஆங், குடும்பங்களுக்கும் திருத்தச் சீட்டு தபால்ல போட்டாச்சு. எல்லாம் சுத்தமா பண்ணிட்டோம்."

"என்ன சீட்டு?"

எழுத்தர் அதன் நகலையும் காட்டினார். இரண்டே வரி. 'தங்களுக்கு வழங்கப்பட்ட நகலில் இறக்கும்போது உடன் ஒருவர் இருந்ததாகக் காணப்படுவது பிழை. உடன் எவரும் இல்லை எனத் திருத்தி வாசித்துக்கொள்ளவும்.'

ஞாயிற்றுக்கிழமை காலை, கணவர் மகளுக்கு சைக்கிள் செயின் மாட்டிக்கொண்டிருந்தபோது வாசலில் தையல்காரர் வந்து நின்றார். உள்ளே வரச் சொன்னதற்கு வரவில்லை. செருப்பையும் கழற்றவில்லை. கையில் இரண்டு தாள்கள். ஒன்று, மூலையில் சுண்ணாம்பு ஒட்டியது. மற்றது புதியது.

"சிஸ்டர், உங்களை விட்டுட்டாங்கன்னு கேள்விப்பட்டேன். சந்தோஷம்" என்றார். "ஆனா இதுல என்னவோ போட்டிருக்கே? எங்கப்பாகூட யாருமே இல்லைன்னு?"

கணவர் கிரீஸ் கையோடு எழுந்துவிட்டார்.

"இது ஆபீஸ்ல ஏதோ பண்ற வேலைன்னு வீட்டுல சொல்றா. நான்தான் உங்களையே கேட்டுட்டு வரேன்னு வந்தேன்." தையல்காரர் பழைய தாளை மேலே வைத்துக்கொண்டார். "நீங்க இருந்தீங்கதானே?"

தலைவர் ஏழு முறை கேட்டுக் கிடைக்காத பதிலை இவர் வாசற்படியில் நின்றுகொண்டு கேட்டார். பஞ்சு ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டாள்.

"இருந்தேன்" என்றாள்.

"கையைக் கிய்யைப் பிடிச்சிருந்தீங்களா?"

"இடது கையைப் பிடிச்சிருந்தேன். வலது கையில ரெண்டு விரல் நிமிராது அவருக்கு. கத்தரி பிடிச்சுப் பிடிச்சு மடங்கியே இருக்கும். அதான் இடது கை."

தையல்காரர் தலையை ஆட்டினார். ஆட்டிக்கொண்டே இருந்தார். பிறகு புதிய தாளைத் திருப்பி, வெள்ளையாக இருந்த பக்கத்தைக் காட்டினார்.

"இதுல ஒரு வரி எழுதிக் குடுத்துடுங்க சிஸ்டர். கையெழுத்தோட. நேரத்தையும் போட்டுடுங்க."

எழுத்தில் கொடுத்தால் அது எங்கெல்லாம் போகும், யார் கையிலெல்லாம் சிக்கும், சுவரில் மறுபடி எந்தத் தாள் ஏறும் என்று கணவருக்குத் தெரியும். அந்தப் பெரியவர் போன அன்று காலை ஐந்தரை மணிக்கு அவள் எங்கே இருந்தாள் என்பதும் அவருக்கு மட்டும்தான் தெரியும்; இந்த வீட்டில், அவர் பக்கத்தில், அசந்து தூங்கிக்கொண்டிருந்தாள்.

பஞ்சு தாளை வாங்கி உள்ளங்கையில் வைத்து எழுதப் பார்த்தாள். பேனா தாளைக் குத்தியது. கணவர் உள்ளே போனார். கிரீஸைச் சட்டையிலேயே துடைத்துக்கொண்டு, மகளின் பரீட்சை அட்டையை எடுத்துவந்து அவளிடம் கொடுத்தார்.